மூடனும் மோகினியும்: 1915ஆம் ஆண்டின் ஊமைப்படம் ஒன்றும் பாவத்தின் பொறுப்பும்

முன்னுரை

நன்னிலையில் வாழ்ந்த ஒருவன் தீய பெண்ணொருத்தியின் வலையில் வீழ்ந்து, மனைவி மக்களையும் மானத்தையும் இழந்து மடிந்தான் என்னும் கதை பிரசங்க மேடைகளுக்குப் புதியதன்று. நீதிமொழிகள் நூலை விளக்கும்போதும், சிம்சோனின் வரலாற்றைக் கூறும்போதும், இளைஞர் கூட்டங்களில் ஒழுக்கத்தைக் குறித்துப் பேசும்போதும் போதகர்கள் இதனைப் பல உருவங்களில் எடுத்துரைத்து வந்துள்ளனர். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதே கதை மேடையை விட்டுத் திரைக்குச் சென்றது. அங்கே அது பெற்ற வெற்றி மிகப் பெரிது.

1915ஆம் ஆண்டு சனவரித் திங்களில் அமெரிக்காவில் வெளிவந்த "ஏ ஃபூல் தேர் வாஸ்" என்னும் ஊமைப்படம் அவ்வெற்றியின் முதன்மையான சான்று. "மூடன் ஒருவன் இருந்தான்" என்பது அத்தலைப்பின் பொருள். வில்லியம் ஃபாக்ஸ் தயாரித்த அப்படத்தை இயக்கியவர் ஃபிராங்க் பவல். ஏறத்தாழ ஒரு மணி நேரத்திற்குச் சற்று மேல் ஓடும் இப்படத்தின் வரலாற்றை ஆராய்வது வெறும் திரைப்பட ஆராய்ச்சியாகாது. பாவத்திற்குப் பொறுப்பு யாருடையது என்னும் பழமையான கேள்விக்கு ஒரு சமுதாயம் எத்தகைய விடையை விரும்பிக் கேட்டது என்பதை அது நமக்குக் காட்டுகிறது. அவ்விடை நம் பிரசங்கங்களில் நாமே அறியாமல் ஒலித்துக்கொண்டிருக்கலாம் என்பதனால், இவ்வாராய்ச்சி நமக்கும் உரியதாகிறது.

1. ஓவியம், கவிதை, நாடகம்

இப்படத்தின் வேர் இலண்டன் மாநகரில் உள்ளது. 1897ஆம் ஆண்டில் அங்குள்ள நியூ காலரி என்னும் ஓவியக் கூடத்தில் பிலிப் பர்ன்-ஜோன்ஸ் என்பவர் "இரத்தக் காட்டேரி" என்று பெயரிட்ட ஓவியமொன்றைக் காட்சிக்கு வைத்தார். படுக்கையில் உணர்விழந்து கிடக்கும் ஓர் ஆடவன்மீது குனிந்து நோக்கும் பெண்ணொருத்தியை அது சித்திரித்தது. அவ்வோவியத்திற்கென அவருடைய உறவினரான ரட்யார்ட் கிப்ளிங் அதே பெயரில் ஒரு கவிதை எழுதினார். தன் உடைமை அனைத்தையும் தகுதியற்ற ஒருத்தியின் காலடியில் கொட்டி அழிந்த ஒரு மூடனைப் பற்றியது அக்கவிதை. பிராம் ஸ்டோக்கரின் "டிராகுலா" நாவல் வெளிவந்ததும் அதே ஆண்டில்தான். மனிதரின் உயிரை உறிஞ்சும் உருவம் அக்காலத்துக் கற்பனையை எவ்வளவு ஆட்கொண்டிருந்தது என்பது இதனால் விளங்கும்.

ஓவியரும் கவிஞரும் தாய்வழியில் ஒரே பாட்டனாரின் பேரர்கள். அப்பாட்டனார் ஜார்ஜ் பிரவுன் மெக்டொனால்ட் என்னும் மெதடிஸ்டு போதகர். கிப்ளிங்கின் தந்தைவழிப் பாட்டனாரும் மெதடிஸ்டு போதகரே. ஆகவே இவ்வுருவம் குருமனைகளுக்கு முற்றிலும் அந்நியமான இடத்தில் தோன்றியது என்று சொல்லிவிட முடியாது. பாவத்தைக் கடுமையாகக் கண்டித்த தலைமுறையினரின் பேரர்கள், அப்பாவத்திற்கு ஒரு பெண்ணின் முகத்தைத் தந்தனர்.

இக்கவிதையை அடிப்படையாகக் கொண்டு போர்ட்டர் எமர்சன் பிரவுன் என்னும் அமெரிக்க எழுத்தாளர் 1909இல் ஒரு நாடகத்தை இயற்றினார். அது நியூயார்க்கில் மேடையேறியது. அதன் உரிமையைப் பெற்ற ஃபாக்ஸ் அதனைத் திரைப்படமாக்கினார். கவிதையின் வரிகள் படத்தின் இடையிடையே எழுத்துகளாகத் திரையில் காட்டப்பட்டன. வேத வசனத்தை வாசித்துப் பின்னர் விளக்கம் கூறும் பிரசங்க முறையை இது நினைவூட்டுகிறது.

2. படத்தின் கதை

ஜான் ஷைலர் என்பவர் செல்வமும் செல்வாக்கும் பெற்ற வழக்கறிஞர். அன்பான மனைவிக்குக் கணவர். சிறு பெண் குழந்தைக்குத் தந்தை. அரசாங்கம் அவரைத் தன் சிறப்புப் பிரதிநிதியாக இங்கிலாந்துக்கு அனுப்புகிறது. மனைவியின் தங்கைக்கு விபத்து நேர்ந்தமையால் மனைவி உடன் செல்ல இயலவில்லை. அவர் தனித்துக் கப்பலேறுகிறார். முன்பு அவருடைய மனைவியால் அலட்சியப்படுத்தப்பட்ட பெண்ணொருத்தி செய்தித்தாளில் இப்பயணச் செய்தியைக் கண்டு அதே கப்பலில் இடம் பெறுகிறாள். அவளுக்குப் படத்தில் பெயரே இல்லை. "காட்டேரி" என்பதே அவளுக்கு இடப்பட்ட அடையாளம்.

கப்பல் புறப்படுமுன்னரே அவளால் கெட்டழிந்த ஓர் இளைஞன் மேல்தளத்தில் அவளைத் துப்பாக்கியுடன் எதிர்கொள்கிறான். அவள் கையிலிருந்த ரோஜாப் பூவினால் துப்பாக்கியை விலக்கிவிட்டுச் சிரிக்கிறாள். அவன் தன்னையே சுட்டுக்கொண்டு மாள்கிறான். அடுத்து ஷைலரை நாம் காணும்போது அவர் இத்தாலி நாட்டில் அவளுடைய மடியில் கிடக்கிறார். அரசாங்கப் பதவி பறிபோகிறது. நியூயார்க்குக்குத் திரும்பிய பின்னும் அவளைப் பிரிய இயலாமல், குடியில் மூழ்கி, தலை நரைத்து, உருக்குலைந்து போகிறார். மனைவி அவரை மீட்க அவ்வீட்டிற்கு வருகிறாள். அவர் எழுந்து புறப்படும் நிலையில் காட்டேரி வந்து முத்தமிட, அவர் மீண்டும் வீழ்கிறார். பின்னர் குழந்தையும் வருகிறாள். அதுவும் பயனற்றுப் போகிறது. இறுதிக் காட்சியில் அசைவற்றுக் கிடக்கும் அவர்மீது அப்பெண் புன்னகையோடு ரோஜா இதழ்களைத் தூவுகிறாள்.

படம் இத்துடன் முடிகிறது. மனந்திரும்புதல் இல்லை, மீட்பு இல்லை, காட்டேரிக்குத் தண்டனையும் இல்லை. நன்மை வெல்வதையே வழக்கமாகக் காட்டிய அக்காலப் படங்களிடையே இம்முடிவு பார்வையாளரை அதிரச் செய்தது.

3. தியோடோசியா குட்மன்

காட்டேரியாக நடித்தவர் தீடா பாரா என்னும் பெயரால் புகழ்பெற்றார். அவர் சகாராப் பாலைவனத்தில் பிறந்தவர் என்றும், அவருடைய பெற்றோர் ஐரோப்பியக் கலைஞர்கள் என்றும், மாய மந்திரங்களில் வல்லவர் என்றும் ஃபாக்ஸ் நிறுவனத்தின் விளம்பரத் துறையினர் செய்தி பரப்பினர். எலும்புக் கூடுகளோடும் பாம்புகளோடும் அவரைப் படமெடுத்து வெளியிட்டனர். 1915இன் தொடக்கத்தில் சிக்காகோ நகரில் செய்தியாளர்களை அவர் சந்தித்த அறை நறுமணப் புகையாலும் வெப்பத்தாலும் நிரப்பப்பட்டிருந்ததாம். செய்தியாளர்கள் வெளியேறியதும் அவர் சன்னலைத் திறந்து, மூச்சுத் திணறுகிறதே என்றாராம். இந்நிகழ்ச்சி பின்னாளில் பலமுறை சொல்லப்பட்டது.

உண்மை வேறு. 1885இல் ஓகாயோ மாநிலத்தின் சின்சினாட்டி நகரில் பிறந்த அவருடைய இயற்பெயர் தியோடோசியா குட்மன். தந்தை போலந்திலிருந்து குடியேறிய யூதத் தையற்காரர். சின்சினாட்டிப் பல்கலைக்கழகத்தில் இரண்டாண்டுகள் பயின்றபின் அவர் நாடக மேடைக்கு வந்தார். புகழின் உச்சியில் இருந்தபோதும் தம் குடும்பத்தாருடன் வாழ்ந்தார். 1921இல் இயக்குநர் சார்ல்ஸ் பிராபினை மணந்து, 1955இல் தாம் இறக்கும்வரை அவருடன் இல்லறம் நடத்தினார். "தியோடோசியா" என்னும் கிரேக்கப் பெயருக்கு "கடவுளின் கொடை" என்பது பொருள். அக்கொடையை மறைத்து அதன்மேல் காட்டேரி ஒன்றைக் கட்டியெழுப்பியது வாணிகம்.

மயக்குபவள் அந்நிய நாட்டினளாக இருக்கவேண்டும் என்று ஏன் கருதினர் என்பதும் சிந்தனைக்குரியது. கிழக்கு ஐரோப்பாவிலிருந்தும் தென் ஐரோப்பாவிலிருந்தும் இலட்சக்கணக்கானோர் அமெரிக்காவில் குடியேறி வந்த காலம் அது. அவர்களைப் பற்றிய அச்சம் பழைய குடிமக்களிடையே வளர்ந்து வந்தது; 1924இல் குடியேற்றத்தைக் கடுமையாகக் கட்டுப்படுத்தும் சட்டமாகவும் அது முடிந்தது. தீமை வெளியிலிருந்து, தூர தேசத்திலிருந்து வருகிறது. நம் இல்லங்கள் தூயவை என்னும் எண்ணத்திற்கு பாலைவனத்தில் பிறந்த காட்டேரி பொருத்தமான உருவமாக அமைந்தாள். யூதத் தையற்காரரின் மகளுக்கு அவ்வேடம் அணிவிக்கப்பட்டது. வேடத்தை அணிவித்த ஃபாக்ஸும் அங்கேரியிலிருந்து குடியேறிய யூதரே என்பது வரலாற்றின் முரண்.

பாரா 40க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். 1917இல் வெளிவந்த "கிளியோபாத்ரா" அவற்றுள் புகழ்மிக்கது. 1919இல் ஃபாக்ஸ் நிறுவனத்துடன் அவருடைய தொடர்பு முடிவுற்றது. மக்கள் அவ்வுருவத்தில் சலிப்படைந்தனர். 1937இல் நியூஜெர்சி மாநிலத்தின் லிட்டில் ஃபெரி என்னுமிடத்தில் ஃபாக்ஸ் நிறுவனத்தின் படச் சேமிப்பகம் எரிந்தபோது அவருடைய படங்களுள் பெரும்பாலானவை அழிந்தன. முழுமையாக எஞ்சிய மிகச் சிலவற்றுள் "ஏ ஃபூல் தேர் வாஸ்" ஒன்று. 2015இல் அமெரிக்க நாட்டின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அது சேர்க்கப்பட்டது. ஆங்கிலத்தில் மயக்கும் பெண்ணைக் குறிக்கும் "வேம்ப்" என்னும் சொல்லைப் பரப்பியதும் இப்படமே. அச்சொல் இந்தியத் திரைப்பட உலகின் பேச்சிலும் இடம்பெற்றுவிட்டது.

4. திருச்சபையும் திரையும்

இப்படம் வெளிவந்த காலத்தில் அமெரிக்கத் திருச்சபைகள் திரைப்படத்தைக் குறித்து ஒருமித்த கருத்துடையனவாய் இல்லை. 1908ஆம் ஆண்டு திசம்பர் 24ஆம் நாள், போதகர்கள் பலருடைய முறையீட்டைக் கேட்டபின், நியூயார்க் நகரத் தலைவர் ஜார்ஜ் மெக்கிளெலன் நகரிலிருந்த திரைப்படக் கொட்டகைகள் அனைத்தின் உரிமங்களையும் நீக்கினார். கொட்டகை உரிமையாளர்கள் நீதிமன்றத்தை நாடினர். அவர்களுள் வில்லியம் ஃபாக்ஸும் ஒருவர். 1909இல் தேசியத் தணிக்கைக் குழு ஒன்று அமைக்கப்பட்டது. ஆனால் அதன் முடிவுகளைப் படத் தயாரிப்பாளர் தாமாகவே ஏற்றுக்கொண்டாலன்றி அதற்கு அதிகாரமில்லை. இதனால் நிறைவடையாத வில்பர் கிராஃப்ட்ஸ் என்னும் பிரஸ்பிட்டேரியன் போதகர் நாடு முழுவதற்குமான அரசாங்கத் தணிக்கையைக் கோரி வாஷிங்டனில் உழைத்தார்.

வேறொரு குரலும் ஒலித்தது. கனெக்டிகட் மாநிலத்தின் நியூ பிரிட்டன் நகரில் சபைப் போதகராயிருந்த ஹெர்பர்ட் ஜம்ப் என்பவர், திரைப்படத்தின் சமயப் பயன்களைக் குறித்து 1910ஆம் ஆண்டளவில் ஒரு சிறுநூல் எழுதினார். நல்ல சமாரியன் உவமையை அவர் தம் வாதத்திற்கு அடிப்படையாகக் கொண்டார். அவ்வுவமை வழிப்பறியையும் குருதியையும் மறைக்கவில்லை. சமயத் தலைவர்களின் குறையைப் பூசி மெழுகவில்லை. அன்றாட வாழ்க்கையிலிருந்து எடுக்கப்பட்ட விறுவிறுப்பான கதையாகவே அது அமைந்துள்ளது. ஆகவே தீமையைக் காட்டுவதனாலேயே ஒரு கதை தீயதாகிவிடாது என்று அவர் எடுத்துக்காட்டினார். தம் சபையில் படங்களைப் பயன்படுத்த அவர் விரும்பியபோது எதிர்ப்பே எழுந்தது.

1915ஆம் ஆண்டு பிப்ரவரி 23ஆம் நாள் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஓகாயோ மாநிலத் தணிக்கைச் சட்டத்தை ஏற்றுத் தீர்ப்பளித்தது. திரைப்படம் ஒரு வாணிகமேயன்றி, கருத்துரிமைப் பாதுகாப்புக்கு உரியதன்று என்பது அத்தீர்ப்பின் சாரம். 1952இல்தான் அத்தீர்ப்பு கைவிடப்பட்டது. 1922இல் தயாரிப்பாளர் சங்கத்தின் தலைமையை ஏற்ற வில் ஹேஸ் ஒரு பிரஸ்பிட்டேரியன் மூப்பர். 1930இல் வகுக்கப்பட்டு 1934முதல் கண்டிப்பாக நடைமுறைப்படுத்தப்பட்ட ஒழுக்க விதிகளை வரைந்தவர்கள் கத்தோலிக்கர்கள்.

இவ்வரலாற்றில் ஒன்று தெளிவாகிறது. திருச்சபையினர் பெரும்பாலும் திரையில் எதைக் காட்டலாம், எதைக் காட்டலாகாது என்றே வாதிட்டனர். முத்தத்தின் நீளமும் உடையின் குறைவும் அளக்கப்பட்டன. கதை பாவத்தைப் பற்றி என்ன போதிக்கிறது என்னும் கேள்வி பின்னுக்குத் தள்ளப்பட்டது. "ஏ ஃபூல் தேர் வாஸ்" ஒழுக்கப் பாடம் கற்பிக்கும் படமாகவே தன்னை முன்வைத்தது. அதன் உண்மையான குறை அதன் காட்சிகளில் அன்று, அதன் போதனையில்தான் இருந்தது.

5. படம் தரும் விடை

படத்தின் போதனை யாது? ஷைலர் எங்கும் தீர்மானிப்பதில்லை. கப்பலில் நிகழ்ந்த வீழ்ச்சியே நமக்குக் காட்டப்படவில்லை. ஒரு காட்சியில் அவர் நல்ல கணவர். மறு காட்சியில் அவர் அடிமை. இடையில் இருக்கவேண்டிய மனிதன் மறைந்துபோகிறான். விருப்பமும், தயக்கமும், மனச்சான்றின் குரலும், அதை அடக்கிய கணமும் காணப்படவில்லை. நோய் பற்றுவதுபோல் பாவம் அவரைப் பற்றுகிறது. தலைப்பு அவரை மூடன் என்கிறது. பாவி என்று சொல்லவில்லை. மூடன்மீது நாம் இரங்குகிறோம். அவனிடம் கணக்குக் கேட்பதில்லை.

இதன் சமுதாயச் சூழலையும் கருதவேண்டும். 1913இல் "டிராஃபிக் இன் சோல்ஸ்" என்னும் படம் பெண்களை ஏமாற்றி விபசாரத்தில் தள்ளும் கூட்டத்தாரைக் காட்டியது. 1910இல் இக்கொடுமையைத் தடுக்கக் கூட்டாட்சிச் சட்டமும் இயற்றப்பட்டிருந்தது. அக்கதைகளில் வேட்டையாடுபவன் ஆண், இரையாவது பெண். ஈராண்டுக்குள் காட்டேரிப் படம் அவ்வுறவைத் தலைகீழாக்கியது. பெண்ணைச் சுரண்டும் உலகில், ஆணே இரையாகச் சித்திரிக்கப்பட்டான். தாம் நடிக்கும் காட்டேரி பெண்ணினத்தைச் சுரண்டியவர்கள்மீது பெண்ணினம் தீர்த்துக்கொள்ளும் பழியே என்னும் கருத்தை பாரா ஒருமுறை பேட்டியில் தெரிவித்தார். நடிகை கண்ட உண்மையைப் போதகர்களுள் பலர் காணவில்லை.

எனினும் படத்தில் ஓர் உண்மை உண்டு என்பதையும் நாம் ஒப்புக்கொள்ளவேண்டும். மனைவி கைப்பிடித்து அழைத்தும், குழந்தை கழுத்தைக் கட்டிக்கொண்டும் அவரால் எழுந்து செல்ல முடியவில்லை. பழக்கம் சங்கிலியாகிவிடுவதைப் பற்றி அகுஸ்தீன் தம் அறிக்கை நூலின் எட்டாம் புத்தகத்தில் எழுதினார். விரும்பாததையே செய்யும் மனிதனின் அவலத்தை ரோமர் 7ஆம் அதிகாரம் கூறுகிறது. சித்தத்தின் அடிமைத்தனத்தை மார்ட்டின் லூத்தர் 1525இல் எராஸ்மசுக்கு எதிராக வலியுறுத்தினார். மலிவான மகிழ்ச்சி முடிவை மறுத்த வகையில், பாவத்தின் அடிமைத்தனத்தை இப்படம் பல பிரசங்கங்களைவிட நேர்மையாகக் காட்டியது எனலாம். ஆனால் பவுலும் அகுஸ்தீனும் லூத்தரும் அடிமைப்பட்டவனைக் குற்றமற்றவன் என்று சொல்லவில்லை. "நான்" என்றே அவர்கள் பேசினர். ஷைலரின் கதையில் அந்த "நான்" இல்லை.

6. திருமறையின் விடை

மயக்கும் பெண்ணின் உருவம் திருமறையிலும் உண்டு, இதை மறைக்கவேண்டியதில்லை. நீதிமொழிகள் 7ஆம் அதிகாரத்தில் பரஸ்திரீ மஞ்சத்தை நறுமணமூட்டி வாலிபனை அழைக்கிறாள். ஆயினும் அவன் இருட்டும் வேளையில் அவளுடைய வீட்டுத் தெருவழியே தானாகவே நடந்து செல்வதை அந்நூல் முதலில் குறிப்பிடுகிறது. 9ஆம் அதிகாரத்தில் இரண்டு குரல்கள் அவ்வழியே செல்வோரை அழைக்கின்றன. ஞானமும் ஒரு பெண்ணாகவே அங்கு உருவகிக்கப்படுகிறாள். கேட்பவன் தெரிந்துகொள்ளவேண்டும். அந்தத் தெரிவையே படம் அகற்றிவிட்டது.

ஆதியாகமம் 3இல் கர்த்தர் முதலில் ஆதாமையே தேடி அழைக்கிறார். ஆதாமோ பெண்ணைக் காட்டுகிறான். அவளைத் தனக்குத் தந்த கடவுளையும் குற்றத்தில் பங்காளியாக்குகிறான். காட்டேரிக் கதைகளெல்லாம் ஆதாமின் இப்பதிலின் விரிவுரைகளே. நியாயாதிபதிகள் 16இல் தெலீலாளுக்குப் பின்னால் பெலிஸ்தரின் அதிபதிகள் நிற்கின்றனர். ஒவ்வொருவரும் 1100 வெள்ளிக்காசு தருவதாக வாக்களிக்கின்றனர். சிம்சோனின் கண்கள் அவளைக் காணுமுன்னரே திம்னாத்திலும் காசாவிலும் அலைந்திருந்தன. 2 சாமுவேல் 12இல் நாத்தான் உரைத்த கதையில் பத்சேபாள் மயக்கினவளாக அல்ல, பறிக்கப்பட்ட ஆட்டுக்குட்டியாகவே காணப்படுகிறாள். தீர்க்கன் விரல் நீட்டியது அரசனை நோக்கியே. யாக்கோபு 1:14, 15 சோதனையின் ஊற்றை மனிதனின் சொந்த இச்சையிலேயே காண்கிறது. மத்தேயு 5:28, 29இல் நம் ஆண்டவர் பெண்ணின் உடையைப் பற்றி ஒன்றும் கூறாமல், நோக்குகிற ஆணின் கண்ணைப் பற்றியே பேசுகிறார்.

இன்னும் நுட்பமானதொரு சான்று லூக்கா 15இல் உள்ளது. இளைய குமாரன் துன்மார்க்கமாய் வாழ்ந்து ஆஸ்தியை அழித்தான் என்று மட்டுமே இயேசு கதையைச் சொல்கிறார். வேசிகளைக் கதைக்குள் கொண்டு வருகிறவன் மூத்த குமாரன். கதை சொன்னவர் பெண்ணைப் பழிக்கவில்லை. கோபங்கொண்ட சகோதரனே பழித்தான். அதுமட்டுமன்று. இளைய குமாரனுக்குப் புத்தி தெளிந்தது, தான் பாவஞ்செய்தேன் என்று சொல்லத் துணிந்தபோதுதான். பொறுப்பை ஏற்பதே திரும்பி வருவதற்கான வாசலாயிற்று. ஷைலருக்கு அவ்வாசல் ஏன் திறக்கவில்லை என்பது இப்போது விளங்குகிறது. தன் பாவத்தைத் தனதென்று அறியாதவனுக்கு அறிக்கையிட ஒன்றுமில்லை. அறிக்கையிட ஒன்றுமில்லாதவனுக்கு மன்னிப்பும் ஒரு பொருளாகாது.

முடிவுரை

பாவத்தின் முழுப் பழியையும் மயக்கினவள்மீது சுமத்தும் போதனை ஒரே வேளையில் இருவருக்கு அநீதி இழைக்கிறது. பெண்ணை அது மனுஷியாகக் காணாமல் பெயரற்ற காட்டேரியாக்குகிறது. ஆணையோ அது காப்பதுபோல் தோன்றினும், மனந்திரும்பும் தகுதியையே அவனிடமிருந்து பறித்துவிடுகிறது. முதலாவது அநீதி எளிதில் புலப்படும். இரண்டாவதைப் போதகர்களாகிய நாம்தான் முதலில் உணரவேண்டும். ஏனெனில் நம்மிடம் ஆலோசனை தேடி வருபவர்களுள், யாரோ தங்களைக் கெடுத்துவிட்டதாக முறையிடுபவர் பலர். அவர்களுக்கு ஆறுதல் கூறும் ஆவலில் நாமும் காட்டேரிக் கதையையே மறுபடியும் சொல்லிவிடுகிறோம்.

யோவான் 8இல் ஒரு பெண் மட்டும் நடுவே நிறுத்தப்பட்டாள்; அவளோடு பாவஞ்செய்தவன் அங்கில்லை. குற்றஞ்சாட்டியவர்களுள் எவரும் அவனைத் தேடவுமில்லை. இயேசு அவர்களைத் தம்தம் மனச்சான்றிடம் திருப்பி அனுப்பினார். அவளையும் மன்னித்து, இனிப் பாவம் செய்யாமல் வாழும் பொறுப்போடு அனுப்பினார். ஒழுக்கத்தைக் குறித்து அடுத்த முறை பிரசங்கபீடத்தில் ஏறும்போது, அங்கே காணாமற்போன அந்த மனிதனைத் தேடிச் சென்று அழைப்பதே நம் பணி என்பதை மறவாதிருப்போம். அவனுக்கும் ஒரு பெயருண்டு. அவனுக்கும் வீடு திரும்பும் வழியுண்டு.